கதாநாயகன் இடத்தில் ஒரு குணச்சித்திர நடிகர்

1995இல் பிரெஞ்சு அரசு சிவாஜி கணேசனுக்குச் செவாலியே விருது அளித்தது. கலை, இலக்கியத் துறையினருக்கென்று அந்த நாடு வைத்திருக்கும் கௌரவ வரிசைகளுள் ஒன்று அது. சென்னையில் பெரிய விழா எடுத்தார்கள். சுவரொட்டிகளில் 'நடிகர் திலக'த்துக்குப் பக்கத்தில் 'செவாலியே'யும் ஏறிக்கொண்டது. அவர் பெரிய நடிகர் என்பதில் யாருக்கும் சந்தேகம் இல்லை. எந்த வகை நடிகர் என்பதைத்தான் அதிகம் பேர் கேட்கவில்லை. தமிழ் சினிமா அவரைக் கதாநாயகன் என்று எழுதி வைத்திருக்கிறது. அவர் ஏற்ற வேடங்களை ஒவ்வொன்றாக எடுத்துப் பார்த்தால் கதாநாயகன் செய்கிற வேலையைவிடக் குணச்சித்திர நடிகர் செய்கிற வேலையே அதிகம் தெரிகிறது. தொழிலால் குணச்சித்திர நடிகர், அந்தஸ்தால் கதாநாயகன் என்பது என் வாதம். இந்த இரண்டும் ஒரே ஆளிடம் நாற்பது ஆண்டுகள் சேர்ந்திருந்தது உலக சினிமாவில் அபூர்வம்.

விருது கொடுத்த நாட்டிலேயே இதை ஒப்பிட ஆள் இருக்கிறார்கள். இரண்டாம் உலகப் போருக்குப் பிந்தைய பிரெஞ்சு ஸ்டூடியோ சினிமா நாயக, நாயகியரால் மட்டும் நின்றதன்று. சுவரொட்டியில் இரண்டாம் வரியில் பெயர் வருகிற நடிகர்கள்தான் அதைத் தூக்கி நிறுத்தினார்கள். பெர்னார் பிளியே அவர்களில் முக்கியமானவர். 1916இல் பிறந்தவர், பிறந்த ஊர் தென் அமெரிக்காவின் போனஸ் அயர்ஸ். தகப்பனாருக்கு அப்போது அங்கே வேலை. பாரிஸில் லூயி ஜூவேயிடம் நடிப்புப் பயின்றார். 1947இல் ஆன்ரி-ஜார்ஜ் குளூஸோ எடுத்த 'கே தெ ஓர்ஃபெவ்ர்' படத்தில் பொறாமையில் வேகும் பியானோக்காரக் கணவன் அவர். அவரை விசாரிக்க வரும் காவல் அதிகாரி குருவான ஜூவேயே. ஆறு ஆண்டு கழித்து அதே குளூஸோ 'பயத்தின் கூலி' எடுத்தார். வாய்ச்சவடால் அடித்து வந்து பாதி வழியில் கோழையாகிப் போகும் ஜோ என்ற கிழவர் வேடத்துக்கு முதலில் நாயக நடிகர் ஜான் காபேனைத்தான் கேட்டார்கள். தன் ரசிகர்கள் தன்னைக் கோழையாகப் பார்க்கச் சகிக்கமாட்டார்கள் என்று காபேன் மறுத்துவிட்டதாகச் சொல்வார்கள். சார்ல் வனேல் ஏற்றுக்கொண்டார். 1953 கான் விழாவில் நடிப்புக்கான கௌரவமும் அவருக்கே போனது. நாயகனுக்கும் குணச்சித்திர நடிகருக்கும் நடுவே அங்கே வேலி இருந்தது. காபேன் அதைத் தாண்டவில்லை.

நம் ஊரில் அந்த வேலியைத் தாண்டியவர் விழுப்புரத்தில் பிறந்தார்.

வி.சி. கணேசன் என்ற பெயரின் 'வி' விழுப்புரம்தான். பிறப்பு 1928 அக்டோபர் 1. குடும்பத்துக்குப் பூர்வீகம் தஞ்சைப் பக்கத்துச் சூரக்கோட்டை. ரயில்வே வேலையின் பொருட்டுத் தென்னாற்காடு மாவட்டத்து விழுப்புரத்தில் இருந்தார்கள். தகப்பனார் சின்னையா மன்றாயர் சுதந்திரப் போராட்டத்தில் சிறை சென்றவர். குழந்தை வளர்ந்தது திருச்சி சங்கிலியாண்டபுரத்தில். ஆகவே விழுப்புரம் அவரை வளர்த்தது என்று சொல்ல முடியாது. பிளியேவுக்குப் போனஸ் அயர்ஸ் எப்படியோ அப்படித்தான். விழுப்புரத்துக்காரர்கள் இதை ஒப்ப மாட்டார்கள், அது வேறு விஷயம்.

ஆனாலும் அந்த ஊரைச் சும்மா தாண்டிப் போக முடியாது. சென்னையிலிருந்து வரும் பாதை மயிலாடுதுறை வழியாகவும் விருத்தாசலம் வழியாகவும் பிரிந்து திருச்சிக்குப் போவது அங்கேதான். காட்பாடிக்கும் புதுச்சேரிக்கும் அங்கிருந்தே கிளைகள் உண்டு. சீன் படுதாக்கள், உடுப்புப் பெட்டிகள், ஆர்மோனியம், முப்பது நாற்பது பையன்கள் என்று ஊர் ஊராகப் போன நாடகக் கம்பெனிகளுக்கு ரயில்தான் உயிர். அந்தக் கம்பெனிகளுக்குப் பாடமும் ஒழுங்கும் வகுத்துக் கொடுத்த சங்கரதாஸ் சுவாமிகள் 1922இல் காலமானது புதுச்சேரியில். அவருடைய சமாதி கருவடிக்குப்பத்தில் இருக்கிறது. அதே கருவடிக்குப்பத்தில், கிழக்குக் கடற்கரைச் சாலையில், இன்று பேருந்து நிறுத்தத்துக்கே பெயராகிவிட்ட சிவாஜி சிலையும் இருக்கிறது. யாரும் திட்டமிட்டு வைத்த ஜோடியாக எனக்குத் தோன்றவில்லை. ஆனால் வரலாறு சரியான இடத்தில்தான் வைத்திருக்கிறது.

இன்னொன்று, கூத்து. திண்டிவனம், செஞ்சி, மேலச்சேரி வட்டாரம் திரௌபதி அம்மன் வழிபாட்டின் நெஞ்சுப் பகுதி. பாரதம் படித்து, இரவெல்லாம் கூத்தாடி, கடைசியில் தீமிதி. கூத்தில் வேஷம் கட்டுகிறவர் அழகாக இருக்கவேண்டும் என்று யாரும் எதிர்பார்ப்பதில்லை. துரியோதனன் வேஷம் கட்டினால் துரியோதனனாக நிற்கவேண்டும், அவ்வளவுதான். குரல் களத்தின் கடைசி ஆள்வரை போகவேண்டும். கர்ண மோட்சத்தை விடிய விடியப் பார்த்துப் பழகிய சனங்களுக்கு 1964இல் வந்த 'கர்ணன்' படத்து நடிப்பு மிகையாகப் பட்டிருக்க வாய்ப்பே இல்லை. அவர்கள் கணக்கில் அது அளவான நடிப்பு. 2012இல் அதே படத்தைப் புதுப்பித்து வெளியிட்டபோது கல்லூரிப் பிள்ளைகளும் திரண்டு போய்ப் பார்த்தார்கள். சிவாஜியை 'ஓவர் ஆக்டிங்' என்று தள்ளுகிறவர்கள் எந்த மேடையை அளவுகோலாக வைத்துச் சொல்கிறார்கள் என்பதை முதலில் சொல்லியாகவேண்டும்.

சிவாஜியின் மேடை பாய்ஸ் கம்பெனி. யதார்த்தம் பொன்னுசாமிப் பிள்ளையின் மதுரை ஸ்ரீ பால கான சபாவில் சிறுவனாகச் சேர்ந்தார். காக்கா ராதாகிருஷ்ணன் அங்கே கூட்டாளி, எம்.ஆர். ராதா மூத்தவர். முதலில் கிடைத்தது சீதை வேடம். பிறகு அழகிய சூர்ப்பனகை, பரதன், இந்திரஜித் என்று வரிசையாக வந்தன. கம்பெனிப் பையனுக்கு மகரக்கட்டு உடையும்வரை ஸ்திரீ பார்ட். உடைந்தபின் குரலைப் பொறுத்து ராஜபார்ட்டோ கள்ளபார்ட்டோ பபூனோ. அதுவும் நிரந்தரமில்லை. ஒருவனுக்குக் காய்ச்சல் வந்தால் அன்று ராத்திரி இன்னொருவன் அந்த வேடத்தில் நிற்கவேண்டும். அதனால் எல்லாப் பாடமும் எல்லாருக்கும் மனப்பாடம். வாத்தியார் கையில் பிரம்பு. இந்தக் கம்பெனிகளில் இருந்த கொடுமையை மழுப்ப வேண்டியதில்லை. பெற்றோரைப் பார்க்காமல் வருஷக்கணக்கில் கிடந்த பிள்ளைகள் அவர்கள், படிப்பும் கிடையாது. ஆனால் அங்கே வளர்ந்தவனுக்கு 'இது என் வேடம், அது என் வேடம் இல்லை' என்ற எண்ணமே முளைக்காது. பதினைந்து வயதுக்குள் பெண்ணாக, அரக்கனாக, முனிவராக, குடிகாரனாக நின்று பழகியவனுக்கு உடம்பு தன்னுடையது என்பதைவிட வேடத்தினுடையது என்பதே வழக்கமாகிவிடுகிறது. காபேனுக்கு வந்த தயக்கம் சிவாஜிக்கு வராததற்குக் காரணம் துணிச்சல் என்று சொல்வதைவிட இந்தப் பயிற்சி என்று சொல்வதே பொருத்தம்.

1940களின் நடுவில் அண்ணாவின் 'சிவாஜி கண்ட இந்து ராஜ்யம்' நாடகத்தில் சத்ரபதியாக நடித்ததும், பெரியார் 'சிவாஜி' என்று அழைத்ததும் எல்லாரும் அறிந்த கதை. 1952 தீபாவளிக்கு வந்த 'பராசக்தி'யும் அப்படித்தான். ஒல்லியான நாடகக்காரப் பையன் படத்துக்குச் சரிப்படுவானா என்று ஏவி.எம். மெய்யப்பச் செட்டியார் தயங்கியதும், தயாரிப்பாளர் பி.ஏ. பெருமாள் பிடித்த பிடியில் நின்றதும், சம்பளம் மாதம் 250 ரூபாய் என்பதும் பலமுறை எழுதப்பட்டுவிட்டன. அதற்குப் பிறகு அவர் என்ன செய்தார் என்பதில்தான் விஷயம் இருக்கிறது.

முதல் படத்திலேயே நட்சத்திரமாகிவிட்ட ஒருவர் அடுத்த நாலைந்து வருடத்தில் செய்த வேடங்களைப் பாருங்கள். 'திரும்பிப் பார்' (1953) படத்தில் பெண்பித்தன். எம்.ஜி.ஆரும் அவரும் சேர்ந்து நடித்த ஒரே படமான 'கூண்டுக்கிளி'யில் (1954) நண்பனின் மனைவிமேல் கண் வைப்பவன். அண்ணாவின் கதையான 'ரங்கோன் ராதா'வில் (1956) மனைவிக்குப் பைத்தியம் என்று ஊரை நம்பவைக்கும் கணவன். எந்த மேனேஜரும் இன்று தன் நடிகரை இப்படி நடிக்க விடமாட்டார்.

எல்லாவற்றுக்கும் மேலே 'அந்த நாள்' (1954). வீணை எஸ். பாலசந்தர் இயக்கம், ஏவி.எம். தயாரிப்பு. பாட்டில்லை, நடனமில்லை, சண்டையில்லை. முதலில் வேறொருவரை வைத்துப் பல அடிகள் எடுத்து, திருப்தியில்லாமல் தூக்கிப் போட்டுவிட்டுத்தான் சிவாஜியைக் கூப்பிட்டார்கள். ஜப்பான்காரன் சென்னையில் குண்டு போட்ட 1943இன் பின்னணி. ராஜன் என்ற வானொலிப் பொறியாளர் முதல் காட்சியிலேயே சுடப்பட்டு விழுகிறார். விழுகிறவர் சிவாஜி. அதன்பின் ஒவ்வொருவர் நினைவிலும் அவர் வேறு வேறு ஆளாக வருகிறார். கடைசியில் நாட்டைக் காட்டிக்கொடுத்தவர் அவர்தான் என்று தெரிகிறது. வனேல் கோழையாக நடித்ததற்கு அடுத்த வருடம் இது. அங்கே நாயகன் மறுத்து இரண்டாம் வரிசைக்காரர் வாங்கிய மாதிரியான வேடத்தை இங்கே நாயகனே வாங்கிக்கொண்டார்.

அந்தப் படத்தில் அவர் கத்துவதில்லை என்பதைக் கவனிக்கவேண்டும். விஞ்ஞானத்தில் தனக்குச் சேரவேண்டிய மரியாதையை நாடு தரவில்லை என்ற புகைச்சல். அது மெல்ல மெல்லத் துரோகமாகத் திரிவது. புருவமும் சிகரெட்டும் பாதி தணிந்த குரலுமாகச் செய்கிறார். உஷா என்ற மனைவியாக வரும் பண்டரிபாய்க்கு இடம் விட்டு ஒதுங்கி நடிக்கிறார். பராசக்தி நீதிமன்றக் காட்சிக்கும் இதற்கும் இடையே இரண்டே வருடம். தாழ்ந்த குரலில் நடிக்கத் தெரியாதவர் என்ற குற்றச்சாட்டுக்கு இந்த ஒரு படம் போதும். தெரிந்தும் ஏன் மற்ற படங்களில் அப்படிச் செய்யவில்லை என்று கேட்டால் அது நியாயமான கேள்வி. 'அந்த நாள்' வசூலில் விழுந்தது என்பது ஒரு பதில். டூரிங் டாக்கீஸ்கள் இன்னொரு பதில். விழுப்புரம், திண்டிவனம் சுற்றுப்பட்டுக் கிராமங்களில் படம் ஓடியது கீற்றுக் கொட்டகையில், மணல் தரையில், ஒற்றை புரொஜெக்டரில், இரைச்சலான ஒலிபெருக்கியில். அங்கே தணிந்த குரல் பாதி வழியிலேயே செத்துப்போகும். ஒவ்வோர் எழுத்தும் தெறித்து விழும் உச்சரிப்புதான் கடைசிவரை போய்ச் சேரும். அழகியல் என்று நாம் பேசுவதில் பாதி, கொட்டகையின் வசதி வசதியின்மை பற்றியது.

வயதான வேடங்களுக்கு வருவோம். குணச்சித்திர நடிகரின் சொத்தே வயோதிகம்தான். வி.கே. ராமசாமி 1947இல் 'நாம் இருவர்' படத்தில் கறுப்புச் சந்தை சண்முகம் பிள்ளையாக நடித்தபோது அவருக்கு இருபது வயதுக்குமேல் அதிகமில்லை. மீசை, தொந்தி, தழுதழுப்பு எல்லாம் கச்சிதமாக அமைந்துவிட்டது. அதுவே விலங்காகவும் ஆனது. அடுத்த ஐம்பது ஆண்டும் அவர் அப்பா, மாமனார், பெரியவர். இளமை என்ற ஒன்று திரையில் அவருக்கு வாய்க்கவே இல்லை. பிரான்சில் மிஷெல் சிமோனும் 'லாதலாந்த்' (1934) படத்தின் படகுக்காரக் கிழவராக நடித்தபோது நாற்பதைத் தொடவில்லை. சிவாஜி 'மோட்டார் சுந்தரம் பிள்ளை'யில் (1966) இரண்டு குடும்பம், ஏகப்பட்ட பிள்ளைகள் உள்ள தகப்பனாக வந்தபோது அவருக்கும் நாற்பதாகவில்லை. மறு வருடம் 'திருவருட்செல்வர்'. தள்ளாடும் அப்பருக்குக் காஞ்சிப் பெரியவரின் அமர்வையும் பார்வையையும் மாதிரியாக எடுத்துக்கொண்டதாக அவரே சொல்லியிருக்கிறார். கண்ணெதிரே உள்ள மனிதரை உற்றுப் பார்த்து உடம்பில் ஏற்றுவது என்பது குணச்சித்திர நடிகரின் பழைய வித்தை. 1970இல் 'வியட்நாம் வீடு'. பணி ஓய்வோடு வீட்டில் மதிப்பிழக்கும் பிரெஸ்டீஜ் பத்மநாபன். நடுவே காதல் டூயட்டுகளும் பாடிக்கொண்டிருந்தார். வி.கே.ஆருக்குக் கிடைக்காதது திறமையில்லை. கிழவன் வேடத்திலிருந்து திரும்பி வருவதற்கான டிக்கெட் அவரிடம் இல்லை; சிவாஜியிடம் இருந்தது.

1971ஆம் ஆண்டை மட்டும் தனியே எடுத்துக்கொண்டால் இந்த வித்தியாசம் பளிச்சென்று தெரியும். அந்த வருடம் தமிழ் சினிமாவில் இரண்டு ரிக்‌ஷாக்காரர்கள். எம்.ஜி.ஆரின் 'ரிக்‌ஷாக்காரன்' சைக்கிள் ரிக்‌ஷாவில் உட்கார்ந்தபடியே சிலம்பம் சுழற்றி அடியாட்களை விரட்டுகிறார். வேலை மாறினாலும் எம்.ஜி.ஆர். எம்.ஜி.ஆராகவே இருக்கிறார், ரசிகர்கள் பணம் கொடுத்ததும் அதற்குத்தான். சிவாஜியின் 'பாபு' கைரிக்‌ஷா இழுக்கிறார், தேய்கிறார், நரைக்கிறார், இருமுகிறார். சிறந்த நடிகருக்கான தேசிய விருது 'ரிக்‌ஷாக்கார'னுக்குப் போனது. சிவாஜிக்கு அந்த விருது கடைசிவரை கிடைக்கவே இல்லை. இதில் அரசியல் இருந்ததா என்று அன்றிலிருந்து பேசுகிறார்கள், எனக்கு அதில் அக்கறை குறைவு. எம்.ஜி.ஆர். தன் பிம்பத்தைக் காத்தார், சிவாஜி வேடத்தைக் காத்தார். இருவரும் வெவ்வேறு தொழில் செய்தார்கள்.

குணச்சித்திர நடிகர் நாயகனாகிவிட்டால், கூட நிற்கும் உண்மையான குணச்சித்திர நடிகர்கள் என்ன ஆவார்கள்? இங்கேதான் சிவாஜியின் படங்கள் இரண்டாகப் பிரிகின்றன. எதிரே ஆள் இருக்கும் படங்கள், ஆள் இல்லாத படங்கள். 'பாகப்பிரிவினை'யில் (1959) ஒரு கையும் காலும் விளங்காத கன்னையன் அவர். எதிரே எம்.ஆர். ராதாவின் சிங்கப்பூர் சிங்காரம். அந்தக் குதர்க்கப் பேச்சு இல்லாவிட்டால் கன்னையனின் வெள்ளந்தித்தனம் திகட்டியிருக்கும். (இதே கதை இந்தியில் 'கான்தான்' ஆனபோது சுனில் தத்துக்கு ஃபிலிம்ஃபேர் விருது கிடைத்தது.) 'திருவிளையாடல்' (1965) படத்தில் விறகுவெட்டியாக வந்து பாடும் ஈசன் சிவாஜி. ஆனால் அந்தப் பாட்டின் பெருமை நமக்குத் தெரிவது டி.எஸ். பாலையாவின் முகத்தில். வித்தைச் செருக்கோடு வந்த ஹேமநாத பாகவதர் கொஞ்சம் கொஞ்சமாகச் சுருங்குவதைப் பாலையா வாய் பேசாமல் செய்கிறார். அந்த முகத்தை வெட்டி எடுத்துவிட்டால் மிஞ்சுவது வெறும் தந்திரக் காட்சிதான்.

பாலையாவைப் பற்றி இன்னும் சொல்லவேண்டும். 1936இன் 'சதி லீலாவதி'யில் எம்.ஜி.ஆரோடும் என்.எஸ். கிருஷ்ணனோடும் சேர்ந்து திரைக்கு வந்தவர். வில்லனாகத் தொடங்கி, வயதோடு சிரிப்புக்கு நகர்ந்தார். 'தில்லானா மோகனாம்பாள்' (1968) படத்தில் சிக்கல் சண்முகசுந்தரமாகச் சிவாஜி நாதஸ்வரம் பிடிக்கிறார். வாசித்தது மதுரை சேதுராமன், பொன்னுசாமி சகோதரர்கள். கன்னத்தின் உப்பலும் விரலின் ஓட்டமும் மூச்சு வாங்கும் இடமும் சங்கீதக்காரர்களே மெச்சும்படி இருக்கும். பக்கத்தில் தவில் முத்துராக்கு, பாலையா. ரயில் பெட்டிக் காட்சியை மறுபடி பார்த்தால், காதலர்களின் பார்வைப் பரிமாற்றத்தைவிட, அதை நடுவில் உட்கார்ந்து தாங்கும் பாலையாவின் அசட்டுத்தனம்தான் காட்சியை நடத்துகிறது. சிவாஜி அங்கே மிகச் சிறிதாக நடிக்கிறார். கோபக்காரக் கலைஞனின் வெட்கம், அவ்வளவே. எதிரே இருப்பவர் தாளம் பிசகமாட்டார் என்ற நம்பிக்கை இருந்தால்தான் அப்படிச் சுருக்கி வாசிக்க முடியும். அதே படத்தில் நாகேஷின் வைத்தி வேறு. மூன்று பேரும் ஒரே படத்தில் முழு வலுவோடு இருந்தார்கள்.

1970களில் அந்த வட்டம் கலைந்தது. பாலையா 1972இல் போனார், ராதா 1979இல். 'கௌரவம்' (1973) போல ஒன்றிரண்டைத் தவிர்த்தால், பாலையா போனபின் அந்தப் பத்தாண்டில் வந்த படங்களில் சிவாஜி பெரும்பாலும் தன்னோடு தானே மோதிக்கொள்கிறார். இரட்டை வேடம், கலர் கலராகச் சட்டை, தன் வயதில் பாதி உள்ள நாயகிகள். நடிப்பு பெரிதானதற்கு ஒரு காரணம் தடுத்து ஆட ஆள் இல்லாதது. கதாநாயகன் என்ற அந்தஸ்து அவருடைய தொழிலை விழுங்கிய காலம் அது. அவருடைய தீவிர ரசிகர்கள் இதை மறுப்பார்கள். அந்தப் படங்களும் நூறு நாள் ஓடின என்பார்கள். ஓடின, உண்மைதான்.

பாரதிராஜாவின் 'முதல் மரியாதை' (1985) அவரை மீட்டது. ஒப்பனையைக் குறைத்து, வசனத்தைக் குறைத்து, வயதை ஒத்துக்கொண்டு வந்தார் மலைச்சாமி. எதிரே வடிவுக்கரசி இருந்தார். வாய் ஓயாத அந்த மனைவியின் முன்னால் சிவாஜி வாயடைத்து நிற்பதில்தான் படத்தின் வலு. 1992இல் 'தேவர் மகன்'. கமல்ஹாசன் எழுதி, பரதன் இயக்கிய படம். பெரிய தேவர் கதையின் பாதியில் இறந்துவிடுகிறார். சுவரொட்டியில் முதல் பெயர் இன்னொருவருடையது. அறுபத்து நான்காம் வயதில் அவர் முறைப்படி ஒரு குணச்சித்திர நடிகர் ஆகிறார். வேலையில் மாற்றம் ஏதும் தெரியவில்லை. மழை கொட்டும் இரவில் மகனோடு பேசும் காட்சியில் குரல் ஏறுவதும் சட்டென்று தணிவதும் அதே பழைய கம்பெனிப் பாடம்தான். எதிரே கமல் கேட்டுக்கொண்டு நிற்கிறார், பாலையா செய்ததைப் போல. அந்த வேடத்துக்குத் தேசிய விருதுக் குழு சிறப்பு நடுவர் விருது அறிவித்தது. சிவாஜி அதை ஏற்றுக்கொள்ளவில்லை. மூன்று ஆண்டு கழித்துப் பிரெஞ்சுக்காரர்கள் வந்தார்கள், அதற்கடுத்து தாதாசாகேப் பால்கே விருதும் வந்தது. 'ஒரு யாத்ராமொழி' (1997) என்ற மலையாளப் படத்தில் மோகன்லாலுக்குத் துணையாகவும், 'படையப்பா'வில் (1999) ரஜினிகாந்துக்குத் தகப்பனாகவும் நடித்துவிட்டு, 2001 ஜூலை 21 அன்று காலமானார்.